வேலாத்தாள் பார்த்த பக்கம்

ஒரு முகம் இத்தனை பெரிதாக இருக்க முடியும் என்று மாரப்பனுக்கு இதுநாள்வரை யாரும் சொன்னதில்லை. மில் காம்பவுண்டுச் சுவர் அளவுக்கு இருந்தது திரையில் அந்தப் பெண்ணின் முகம். ஒரு கண்ணே கதவளவு. அவள் இமை மூடித் திறந்தால் அரங்கத்தின் வெளிச்சமே ஒருதரம் குறைந்து கூடியது, நாற்காலிக் கைப்பிடியில் கிடந்த தன் கையின் நரம்புகள்கூட அந்த இமைக்குக் கட்டுப்பட்டுத் தெரிந்து மறைவதை அவர் பார்த்தார். சுவர் என்றால் அவருக்கு எழுத்துதான். சுண்ணாம்பு அடித்து, காவி கரைத்து, ஓர் எழுத்து ஓர் ஆள் உயரம் என்று எழுதிய காலத்தில் பெருவிரலில் கழுவினாலும் போகாத சிவப்பு இருந்தது. பஸ்ஸில் போகிறவன் தலையைத் திருப்பாமலே படிக்க வேண்டும், படித்தவன் இறங்கும்போது கொதித்துப் போய் இறங்க வேண்டும், அப்படி எழுதத் தெரிந்தவன் இந்த ஜில்லாவில் வேறு யார் இருந்தான்? இப்போது பிளெக்ஸ் வைக்கிறான்கள், எழுத்து ஓரத்தில் எறும்பு மாதிரிக் கிடக்கிறது, நடுவில் தலைவன் பல்லைக் காட்டிக்கொண்டு நிற்கிறான், என்னத்துக்குச் சிரிக்கிறாய், மில்லை இடித்து மனை பிரித்து விற்றாயே அதற்கா? சரி, அது கிடக்கட்டும். இந்தச் சுவரில் எழுத்தே இல்லை. ஒரு சொல்கூட இல்லை. அந்தப் பெண் அடுப்பில் பால் பொங்குவதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள், பால் பொங்கி வழிகிறது, அணைக்காமல் நிற்கிறாள், நடப்பதெல்லாம் இவ்வளவுதான், இதிலிருந்து கண்ணை எடுக்க ஏன் முடியவில்லை? அரைமணி நேரத்துக்கு முன்னால் கவுண்டரில் இருந்தவன் சொன்னான், "ஐயா, இது சண்டைப் படம் இல்லீங்க, மெதுவாப் போகும், அப்பறம் வந்து சத்தம் போடக்கூடாது." நான் போடாத சத்தமா தம்பி, இந்தத் தியேட்டர் வாசலிலேயே போட்டிருக்கிறேன், உனக்குத் தெரியாது. அவர் வேட்டியை இழுத்துவிட்டுக்கொண்டார். இங்கே உட்கார்ந்திருக்க வேண்டிய ஆள் இல்லை அவர். பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் தொழிலாளர் மன்றத்தில் பந்தல் போட்டாகிவிட்டது, நாற்காலி வந்து இறங்கியிருக்கும், சாயங்காலம் மனைவி வேலாத்தாளுக்குப் படத்திறப்பு. கருமாதி இல்லை, எள்ளும் தண்ணியும் இல்லை, ஐயர் இல்லை, துணியை விலக்கிப் படத்தைத் திறந்து நாலு பேர் நாலு வார்த்தை பேசுவது, அதுதான் கட்சிக்காரர்கள் வழக்கம். அதைத் திறக்க வேண்டியவர் அவர். கடைசியாகப் பேச வேண்டியவரும் அவர். சவரம் செய்துகொண்டு வருகிறேன் என்று மகளிடம் சொல்லிவிட்டுக் கிளம்பியவர், சவரக் கடையைத் தாண்டி நடந்து வந்து, இருட்டில் உட்கார்ந்துகொண்டு, யாரோ ஒருத்தி பாலைப் பொங்கவிடுவதைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்.

அந்தப் படம்தான் காரணம். காலையில் ஸ்டுடியோக்காரன் கொண்டுவந்து சுவரில் சாய்த்துவைத்த படம். வேலாத்தாள் தனியாக எடுத்துக்கொண்ட போட்டோ ஒன்றுகூட வீட்டில் இல்லை என்பது அவள் போன பிறகுதான் தெரிந்தது. மகள் செம்மலர் அலமாரியைக் கவிழ்த்துத் தேடினாள், ஆதார் அட்டையில் இருப்பதைப் பெரிசு பண்ணலாமா என்றாள், அதைப் பார்த்தால் ஜெயிலில் எடுத்த மாதிரி இருந்தது. "இத்தன போட்டோவுலயும் நீங்கதானப்பா இருக்கீங்க" என்றாள் செம்மலர். குத்தலாகச் சொன்னாளா, சும்மா சொன்னாளா, அவள் அம்மா மாதிரியே அதுவும் கண்டுபிடிக்க முடியாத குரல். கடைசியில் தொழிலாளர் இலாகா ஆபீஸ் முன்னால் அவர் உண்ணாவிரதம் இருந்தபோது எடுத்த படம் கிடைத்தது. நடுவில் மாலையோடு அவர், சுற்றிலும் தோழர்கள், பின்னால் மூங்கிலைப் பிடித்துக்கொண்டு வேலாத்தாள். ஸ்டுடியோக்காரன் எல்லாரையும் கம்ப்யூட்டரில் துடைத்துவிட்டு அவளை மட்டும் இழுத்துப் பெரிதாக்கியிருந்தான். இடது மூலையில் ரெண்டு செவ்வந்திப் பூ மிச்சம், அது அவர் கழுத்து மாலை. அவரையும் துடைத்துவிட்டான், பூவை மட்டும் விட்டுவிட்டான். அதுகூடப் பரவாயில்லை. கண். அவள் கண் காமிராவைப் பார்க்கவில்லை. கீழே உட்கார்ந்திருந்த புருஷனைப் பார்க்கவில்லை, கூட்டத்தையும் பார்க்கவில்லை, எல்லாருக்கும் மேலாக வலது பக்கம் எதையோ பார்த்துக்கொண்டிருந்தாள். தாகத்தில் இருப்பவன் அடுத்த வீட்டுக் கிணற்றைப் பார்ப்பதுபோல. நாற்பத்தாறு வருஷம் கூட இருந்தவள், இப்படி ஒரு பார்வை பார்த்து அவர் கண்டதே இல்லை. என்னத்தைப் பார்த்தாள்? பேச்சை மனசுக்குள் ஓட்டிப் பார்த்தார், "பெருமைக்குரிய தோழர்களே" என்று ஆரம்பித்தார், ரெண்டாவது வாக்கியத்தில் அந்தக் கண் குறுக்கே வந்தது, என்னத்தைப் பார்த்தாள், மறுபடியும் முதலிலிருந்து ஆரம்பித்தார், மறுபடியும் அங்கேயே சிக்கிற்று, ஒடிந்த பல்லில் நாக்கு போவது மாதிரி. சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார். அந்த ஆபீஸ் இருந்த இடத்தில் இப்போது செல்போன் கடை. அதன் முன்னால், அன்றைக்குப் பந்தல் இருந்த இடத்தில், அவள் நின்ற மாதிரியே முகத்தை வலது பக்கம் திருப்பி நின்றார். ரோட்டுக்கு எதிரில் பூங்கோதை தியேட்டர். வெளுத்துப்போன பச்சை வண்ணம், மாடியில் ஆலமரக் கன்று, வாசலில் ஒரு போஸ்டர். வேறொன்றும் இல்லை. அந்தப் பக்கம் அன்றைக்கும் வேறொன்றும் இருந்ததில்லை.

பூங்கோதை! சிரிப்பு வந்தது, கசந்த சிரிப்பு. "உழைப்பவனின் கண்ணைப் பிடுங்கும் வெள்ளைத்துணி" என்று அவர் எழுதிய துண்டறிக்கையை இந்த வாசலில்தான் விநியோகம் செய்தார்கள். கள்ளுக்கடை வயிற்றை அறுக்கும், கொட்டகை மூளையை அறுக்கும் என்று அதில் ஒரு வரி, அந்த வரிக்காகக் கட்சித் தலைமை அவரைக் கூப்பிட்டுக் கைகொடுத்தது. பள்ளிக்கூடம் மூன்றாவதோடு நின்றது, அதற்கப்புறம் படித்ததெல்லாம் மலிவுப் பதிப்பும் துண்டறிக்கையும்தான், ஆனால் படித்ததைப் படித்தபடி வாழ்ந்தவர். வீட்டில் டிவி நுழைந்தது மகள் சம்பாதித்த பிறகு. அப்படி எதிர்த்து நின்றவர் எதிரியின் கூடாரத்துக்குள் வந்து உட்கார்ந்திருக்கிறார். இங்கே கூட்டமுமில்லை, முன்னால் ரெண்டு காலேஜ் பையன்கள், பின்னால் நைட் ஷிப்ட் முடித்துத் தூங்கும் ஓர் ஆள், மூலையில் ஒரு ஜோடி. மேலே பின்பக்கத்து ஓட்டையிலிருந்து வெளிச்சம் ஒரு பட்டையாக நீண்டு வர, அதில் தூசு மிதந்தது. மில்லில் பஞ்சு சீவும் கார்டிங் டிபார்ட்மெண்டில் காலைச் சூரியன் கூரைக் கண்ணாடி வழியாக இப்படித்தான் இறங்கும், பஞ்சுத் தூசு இப்படித்தான் அதில் மிதக்கும், அவருக்கு மட்டும் தெரிந்த ஓர் அழகு அது, யாரிடமும் சொன்னதில்லை. நுரையீரலைத் தின்கிற தூசை அழகு என்று ஒரு சங்கத் தலைவன் சொல்லலாமா? சொல்லக்கூடாது. சொல்லவில்லை. திரையில் அந்தப் பெண் இப்போது அடுப்பை அணைத்துவிட்டு ஒரு துணிப்பையை எடுத்துக்கொண்டு தெருவில் இறங்குகிறாள், கதவைச் சாத்தவில்லை, வருகிற பஸ்ஸில் ஏறுகிறாள். எந்த ஊர் என்று கண்டக்டர் கேட்கிறார். "கடைசி ஸ்டாப்" என்கிறாள். பையில் ஒரு டிபன் டப்பா. அது அவள் மகளுடையது. பள்ளிக்கூடம் போகிற வழியில் அந்தப் பிள்ளை லாரியில் அடிபட்டுப் போயிற்று, காலையில் கட்டிக்கொடுத்த சோற்று டப்பா திறக்காமலே வீட்டுக்குத் திரும்பி வந்தது, அவள் அதை இன்னமும் திறக்கவில்லை. இதையெல்லாம் யாரும் நின்று விளக்கவில்லை, இங்கொரு துண்டும் அங்கொரு துண்டுமாகப் படம் காட்டிற்று, மாரப்பன் தானாகக் கோத்துக்கொண்டார், கோத்து முடித்ததும் அவருக்குத் தன் பேரிலேயே ஆத்திரம் வந்தது. பிள்ளை. பிள்ளை விஷயம் எதற்கு இப்போது? முதலாளி மில்லைப் பூட்டிப்போட்ட லாக்-அவுட் சமயம் காய்ச்சலில் போன பிள்ளை, விடுதலை என்று பேர் வைத்த பிள்ளை, நடக்கக் கற்று வாசல்படிவரை வந்த பிள்ளை. புதைத்த இடத்தில் அவர் கையை முஷ்டி பிடித்து உயர்த்தினார், முன்னூறு தொண்டைகள் கோஷம் போட்டன. அன்றைக்கு அவர் பேசிய பேச்சு புத்தகமாக வந்தது. வேலாத்தாள் பக்கத்தில் நின்றாள், ஒரு சொட்டு அழவில்லை. அழுதால் முதலாளி பார்த்துச் சிரிப்பான் என்று முந்தின நாளே சொல்லி வைத்திருந்தார், கேட்டுக்கொண்டாள், பெருமையாக இருந்தது. அதற்கப்புறம் எத்தனை மேடை, எத்தனை ஊர், "என் துணைவியார் பெற்ற பிள்ளையைப் புதைத்தபோது ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை" என்று சொல்லி நிறுத்துவார், கூட்டம் மூச்சைப் பிடிக்கும், மனசுக்குள் மூன்று எண்ணிவிட்டுக் கையைத் தூக்குவார், கைதட்டல் வெடிக்கும். அவரிடம் இருந்த வாக்கியங்களிலேயே பெரிய வாக்கியம் அது. இன்றைய பேச்சும் அந்த இடத்தில்தான் போய் முடியப் போகிறது. வேலாத்தாள் போன அன்றைக்கு அவள் தங்கச்சி மயிலாத்தாள் தலைமாட்டில் உட்கார்ந்து, "என்னப் பெத்த பொறப்பே" என்று ராகம் எடுத்து ஆரம்பித்தாள், அவர் கையைக் காட்டினார், "இந்த வீட்டுல ஒப்பாரி இல்ல மயிலாத்தா, நிறுத்து" என்றார். நிறுத்திவிட்டாள். பாதியில் நின்ற ராகம் கூரையில் எங்கேயோ மாட்டிக்கொண்ட மாதிரி ஒரு அமைதி. அந்த அமைதியை நிரப்ப அவர் பேசினார். நன்றாகத்தான் பேசினார். இப்போது எதற்கு எழுந்து நிற்கிறோம் என்று தெரியாமலே மாரப்பன் எழுந்து நின்றார், வெளியே போவதற்கா, எதையாவது சொல்வதற்கா, அவருடைய தலையின் நிழல் அந்தப் பெண்ணின் கன்னத்தில் கரும்புள்ளியாக விழுந்தது. பின்னாலிருந்து தூக்கம் கலைந்த ஆள் சொன்னான், "பெரியவரே, மறைக்குதுங்க. உக்காருங்க." அவரிடம் யாரும் அப்படிச் சொன்னதில்லை. உட்கார்ந்துவிட்டார்.

இடைவேளையில் வெளியே வந்தால் வெயில் இன்னும் தார் ரோட்டில் காய்ந்துகொண்டிருந்தது, மன்றம் அந்தப் பக்கம், நடந்தால் பீடி ஒன்று பிடிக்கிற தூரம். போய்விடலாம். போய்விட வேண்டியதுதான். கால் டீக்கடைப் பக்கம் போயிற்று, தியேட்டருக்குள்ளேயே தகரம் அடித்த சின்னக் கடை, அதில் பப்ஸை அடுக்கிக்கொண்டிருந்த அம்மாள் முக்காட்டைச் சரிசெய்தபடி அவரை உற்றுப் பார்த்தாள். "நீங்க மில்லு தலைவருதானுங்க?" என்றாள். அவருக்கு முதுகு தானாக நிமிர்ந்தது. இத்தனைக்குப் பிறகும் நிமிர்கிறதே, அதை நினைத்து எரிச்சலாகவும் இருந்தது. ஆமாம் என்றார். "சினிமாவுக்கெல்லாம் வருவீங்களா? அக்கா கேட்டா நம்பவே மாட்டாங்க" என்று சிரித்தாள் அவள். எந்த அக்கா என்றார். "வேலாத்தாக்காதான். வேற எந்த அக்கா? என்னுங்க, ரெண்டு மூணு வாரமா ஆளையே காணோம், ஒடம்பு சொகமில்லீங்களா? செவ்வாக்கெழம மேட்னின்னா மழ பேஞ்சாலும் வந்துருவாங்களே. கமரு, எனக்கொரு டீ, ஒனக்கொரு டீன்னு ரெண்டுக்கும் அவங்கதான் குடுப்பாங்க." செவ்வாய்க்கிழமை. செவ்வாய்க்கிழமை மத்தியானம் அவள் புடவை மாற்றிக்கொண்டு வெளியே போவாள், ஒண்டிப்புதூர் தங்கச்சி வீட்டுக்கு என்று அவராக நினைத்துக்கொண்டிருந்தார். எங்கே போகிறாய் என்று கேட்டதில்லை. மனைவியை எங்கே போகிறாய் என்று கேட்பது ஆண் ஆதிக்கம் என்று ஒரு துண்டறிக்கையில் படித்து, அதைக் கடைப்பிடித்தவர் அவர், தோழர்களிடம் சொல்லிக்கூடக் காட்டியிருக்கிறார், நான் கேட்பதே இல்லை தோழர், அவள் சுதந்திரம் என்று. எத்தனை வருஷமாக வருகிறாள் என்று கேட்டார். "நான் இங்க கடை போடறதுக்கு முன்னாலிருந்தே வர்றாங்களாமுங்க. இந்தக் கொட்டாய்ல ஓடாத படமும் பார்த்திருக்காங்கன்னு ஆபரேட்டரு சிரிப்பாரு." என்ன மாதிரிப் படத்துக்கு வருவாள்? கமரு என்ற அந்த அம்மாள் பப்ஸ் தட்டை மூடினாள். "படம் என்னங்க படம். அக்கா அழுகறதுக்குன்னே வருவாங்க. சிரிப்புப் படத்துக்கும் அழுவாங்க. ஒரு நாளு கேட்டேன், ஏனக்கா, அந்தாளு வழுக்கி உழுகறான், எல்லாரும் சிரிக்கறாங்க, நீங்க எதுக்கு அழுவறீங்கன்னு. இங்க அழுதா ஆரும் எதுக்குன்னு கேக்கமாட்டாங்க கமருன்னாங்க. நாந்தான் கேட்டுப்போட்டனே அப்பறம்." அவள் மறுபடி சிரித்து, அவர் சிரிக்காததைப் பார்த்து நிறுத்தினாள். "அக்கா வீட்லதான் இருக்காங்களா?" போய்விட்டாள் என்றார் மாரப்பன். "எங்கீங்க?" என்றாள் கமரு, ஊருக்கா என்கிற முகத்தோடு. ஆன்மா இல்லை, மறுபிறப்பு இல்லை, பொருள் சிதைகிறது, அவ்வளவுதான் என்று ஊர் ஊராகப் பாடம் நடத்தியவரிடம் ஒரு டீக்கடை அம்மாள் எங்கே என்று கேட்கிறாள், சொல்ல ஒன்றுமில்லாமல் நின்றார். அந்த நிற்பிலேயே அவளுக்குப் புரிந்துவிட்டது. அடுப்பை அணைத்தாள். முக்காட்டு நுனியை வாயில் அடைத்துக்கொண்டு, தோள் குலுங்க, மறைக்காமல், நாலு பேர் பார்க்க அழுதாள், யாரோ ஒரு அக்காளுக்காக. மாரப்பனின் கை பழக்கத்தில் எழுந்தது, அழாதீங்கம்மா என்று வாய்வரை வந்தது, எப்படியோ அது அங்கேயே நின்றுகொண்டது. கையை என்ன செய்வதென்று தெரியாமல் டீ கிளாஸை எடுத்துக்கொண்டார். மணி அடித்தது. "செவுத்தோரம், தூணுக்குப் பொறத்தால, அதான் அக்கா சீட்டு" என்றாள் கமரு மூக்கை உறிஞ்சிக்கொண்டே. "அங்க பேன் ஓடாதுன்னு ஆரும் உக்கார மாட்டாங்க."

போய் உட்கார்ந்தார். ரெக்சின் கிழிந்து நார் தெரிந்த நாற்காலி, அவர் உடம்புக்குக் குறுகலாக இருந்தது, கைப்பிடியின் மரம் மட்டும் தேய்ந்து வழுவழுப்பாக, சாந்து அரைக்கிற கல் மாதிரி. இதைத் தேய்த்தது அவள் கையா, ஊரான் கையா, யார் கண்டார்கள், இருந்தாலும் அதன்மேல் கையை வைத்தபோது அவருக்கு உள்ளே ஒன்று பணிந்தது. அவர் எதற்கும் பணிந்ததில்லை. கோவில் வாசலில் செருப்பைக் கழற்றாமல் நின்றவர், மாஜிஸ்திரேட்டைக் கும்பிடாமல் நின்றவர், மலையைப் பார்த்தால்கூட இதில் எத்தனை கனஅடி கருங்கல் இருக்கும் என்று கணக்குப் போட்டவர், இந்த இருட்டில், தூணுக்குப் பின்னால், ஒரு கிழிந்த நாற்காலியில் அவருக்கு உடம்பு சிலிர்த்தது. இவ்வளவு பெரிய இடமா வைத்திருந்தாள்! அவர் ஓர் அறையும் சமையல்கட்டும் கொடுத்தார், அந்த அறையும் சங்கத்துக்குப் போய்விட்டது, வருகிற தோழர்களுக்கெல்லாம் உலை வைத்தாள், இடமே இல்லாமல் இருந்தாள் என்றல்லவா நினைத்துக்கொண்டிருந்தோம். செவ்வாய்க்கிழமைதோறும் அவள் இத்தனை உயரக் கூரையின் கீழ், இத்தனை பெரிய முகங்களோடு, வாரம் ஒரு கடல், வாரம் ஒரு ஊர் என்று, அவர் டெல்லிக்கும் கல்கத்தாவுக்கும் மாநாட்டுக்குப் போய்வந்து கதை சொன்னபோதெல்லாம் அவள் "ம்" போட்டுக்கொண்டே வெங்காயம் நறுக்கினாளே, அந்த "ம்" என்ன "ம்"? சாயங்காலம் வீட்டுக்கு வந்து விளக்கைப் போட்டு, "காப்பி வெக்கட்டுங்களா" என்பாள், கண் சிவந்திருக்கும், வெயிலில் நடந்த கண் என்று அவர் நினைத்தார், நினைத்தாரா, பார்க்கவே இல்லையா? கோபமும் வந்தது. என்னிடம் அழுதிருக்கலாமே? வந்த கோபம் நிற்பதற்கு இடமில்லாமல் வழுக்கிற்று. நான் என்ன செய்திருப்பேன், பேசியிருப்பேன். திரையில் கடல் வந்தது. அந்தப் பெண் பஸ்ஸின் கடைசி ஸ்டாப்பில் இறங்கி, கருவாடு காயப்போடும் களத்தில் வேலைக்குச் சேர்ந்து, வேறு பெயர் சொல்லி, பிள்ளைகுட்டி இல்லை என்று சொல்லி, மற்றப் பெண்களோடு சிரித்துக்கூடப் பேசிக்கொண்டிருந்தாள். ஒரு நாள் புருஷன் தேடிக்கொண்டு வந்தான். இப்போது வசனம் வரும் என்று மாரப்பன் எதிர்பார்த்தார், அவர் எழுதியிருந்தால் அந்த இடத்தில் ஒரு பக்கம் எழுதியிருப்பார், அந்த ஆளோ பெஞ்சியில் அவள் பக்கத்தில் உட்கார்ந்து, சட்டைப் பையிலிருந்து அவள் மறந்துவிட்டு வந்த மூக்குக் கண்ணாடியை எடுத்துக் கொடுத்தான். அவ்வளவுதான். அவள் போட்டுக்கொண்டாள். கடலைப் பார்த்தாள். பிறகு துணிப்பையிலிருந்து டப்பாவை எடுத்து மடியில் வைத்தாள். மாரப்பனுக்கு வேண்டாம் என்று கத்தத் தோன்றியது. வருஷக்கணக்கான சோறு, அதில் என்ன இருக்கும், பூஞ்சையா, கரியா, ஒன்றுமே இல்லையா, திறக்காதே அம்மா. மூடியைத் திருகினாள். அது இறுகியிருந்தது, புருஷன் கை நீட்டவில்லை, அவளே திருகினாள், திறந்தது. உள்ளே இருந்ததைப் படம் காட்டவில்லை. அவள் முகத்தைக் காட்டிற்று. சுவரளவு முகம். பேச்சில்லை, பாட்டில்லை, பின்னணியில் வயலின்கூட இல்லை, கடல் மட்டும். முகம் அப்படியே இருந்தது. இன்னும் இருந்தது. முன்வரிசைப் பையன் ஒருவன், "டேய், படம் ஸ்டக் ஆயிருச்சுடா" என்றான், இன்னொருவன், "ஆபரேட்டரு டீ குடிக்கப் போயிட்டாப்ல" என்றான், சிரித்தார்கள், அப்புறம் சிரிப்பு தானாக ஓய்ந்தது, ஏனென்றால் முகம் நிற்கவில்லை, அதற்குள் எதுவோ நடந்துகொண்டிருந்தது, மண்ணுக்கடியில் தண்ணீர் நகர்கிற மாதிரி, தாடைக்குக் கீழே, மூக்கு நுனியில், கண்ணாடிக்குப் பின்னால். ஐம்பது வருஷமாகக் கூட்டத்தின் முகங்களைப் பார்த்தவர் மாரப்பன், மேடையிலிருந்து, மொத்தமாக, எந்த வரிக்கு எழும்பும், எந்த வரிக்கு அடங்கும் என்று. ஒரே ஒரு முகத்தை, அது போகிற இடத்துக்கெல்லாம் கூடப் போய், அது முடிக்கும்வரை குறுக்கே பேசாமல், அவர் பார்த்ததே இல்லை. பார்க்க முடியும் என்பதே தெரியாது. அந்த முகம் உடைந்து கண்ணீர் வந்தபோது அது ஒரு பெரிய காரியம் நடப்பது மாதிரி இருந்தது, அணை திறப்பது மாதிரி, ஊர் திரண்டு கரையில் நின்று பார்க்க வேண்டிய காரியம். வாழ்நாளெல்லாம் அவர் ஒரு சொட்டு என்று சொல்லி வந்தாரே, அந்தச் சொட்டு இங்கே கதவளவு கண்ணிலிருந்து இறங்கி, சுவர் நெடுக வழிந்து, அது போகிற பாதையெல்லாம் வெளிச்சமாக இருந்தது. தூணுக்குப் பின்னால் மாரப்பன் வாயைத் திறந்தபடி உட்கார்ந்திருந்தார்.

வெளியே வந்தபோது சட்டைப் பையில் போன் அடித்துக்கொண்டிருந்தது. "எங்கப்பா இருக்கீங்க? மாவட்டம் வந்து உக்காந்தாச்சு, நோட்டீசுல போட்ட நேரம் ஆச்சு" என்றாள் செம்மலர். மாவட்டம் என்றால் மாவட்டச் செயலாளர். சினிமாவில் இருந்தேன் என்றார். "பூங்கோதையா?" என்றாள் மகள். அவளுக்கும் தெரிந்திருக்கிறது. அவருக்கு அதில் வியப்புக்கூட மிச்சமில்லை. "அம்மா சீட்டுல உக்காந்தீங்களா?" என்றாள், இந்தத் தடவை குரலில் என்ன இருக்கிறது என்று அவருக்குச் சந்தேகமில்லாமல் தெரிந்தது. உக்காந்தேன் சாமி, வரேன் என்றார். நடந்தார். பேச்சு எங்கேயாவது இருக்கிறதா என்று உள்ளே தேடிப் பார்த்தார், "பெருமைக்குரிய தோழர்களே" வரைக்கும் இருந்தது, அதற்கப்பால் கடல். மன்றத்தில் நாற்காலிகள் நிறைந்திருந்தன, மேடை நடுவில் சிவப்புத் துணி போர்த்த படம், வாசலில் மயிலாத்தாள் மற்றப் பெண்களோடு தரையில் உட்கார்ந்திருந்தாள், ஒப்பாரிக்குத்தான் இடமில்லையே என்கிறதுபோல உதட்டைக் கடித்துக்கொண்டு. சவரம் பண்ணாத முகத்தோடு அவர் மேடை ஏறினார். எல்லாரும் எழுந்தார்கள். வழக்கம்போல மைக்குக்குப் போகாமல் நேரே போய்த் துணியை இழுத்தார். வேலாத்தாள். ஆள் உயரத்துக்கும் மேல், மூலையில் ரெண்டு செவ்வந்திப் பூ, கண் வலது பக்கம். அந்தப் பார்வையின் வழியில் யார் நிற்கிறார்கள் என்று பார்த்தார், அவர்தான் நின்றுகொண்டிருந்தார். நகர்ந்தார். கூட்டத்துக்கு முதுகைக் காட்டக் கூடாது என்பது மேடைக்காரனின் முதல் பாடம், ஒரு நாற்காலியை இழுத்துப் படத்துக்கு எதிரே ஓரமாகப் போட்டுக்கொண்டு, கூட்டத்துக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, அண்ணாந்து பார்க்க ஆரம்பித்தார். மைக் கொர்ரென்று இரைந்துகொண்டு சும்மா நின்றது. யாரோ இருமினார்கள். தோழருக்கு மயக்கமா என்று யாரோ கேட்டார்கள். அப்புறம் வாசல் பக்கமிருந்து, முதலில் மூச்சு மாதிரி, பிறகு குரலாக, மயிலாத்தாள் அன்றைக்கு விட்ட இடத்திலிருந்து எடுத்தாள், "என்னப் பெத்த பொறப்பே, என்னக் கூடக் கூப்புடாமப் போன பொறப்பே." எல்லாத் தலையும் மாரப்பனின் கையைப் பார்த்துத் திரும்பின. கை மடியில் கிடந்தது, நனைந்துகொண்டிருந்தது. மாவட்டத்துக்கு நிலைகொள்ளவில்லை. கூட்டம் கெட்டுப்போகிறதே என்கிற பதற்றத்தில் வேட்டியை மடித்துப் பிடித்தபடி விரைந்து வந்து மைக்கைப் பிடித்து, "தோழர்களே, ஒரு சொட்டுக் கண்ணீர் விடாத நம் வீரத்தாய்" என்று தொடங்கினார். அவர் நின்ற இடம் படத்துக்கு நேர் முன்னால். மாரப்பன் கண்ணைத் துடைக்காமலே அண்ணாந்து சொன்னார்.

"மறைக்குதுங்க தோழர். உக்காருங்க."